கொல்லம் மலையோரத்தில் தாயகம் திரும்பியோரைப் பற்றி ஆவணப்படம் எடுக்கப் போகிறவர்களுக்கு: காகிதம், செலவு, காலம்

செங்கோட்டையிலிருந்து புளியரை ஏறி ஆரியங்காவு இறங்கினால் தென்மலை, குளத்தூப்புழை, புனலூர் என்று ரப்பர் மரங்களாகவே போகும். அந்த மரங்களுக்கு நடுவே, இலங்கை மலையகத்திலிருந்து வந்து குடியேறிய தமிழ்க் குடும்பங்கள் இருக்கின்றன. 1976இல் புனலூரைத் தலைமையிடமாகக் கொண்டு தொடங்கிய ரிஹாபிலிட்டேஷன் பிளாண்டேஷன்ஸ் நிறுவனத்தின் குளத்தூப்புழை, ஆயிரநல்லூர் தோட்டங்கள் இவர்களுக்கு வேலை கொடுக்கத்தான் உண்டாக்கப்பட்டன. தாத்தா, பாட்டி நுவரெலியா, பதுளை என்று பேசுவார்கள். பேரப்பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் மலையாளம் படித்து வளர்ந்தவர்கள். நடுவில் இருக்கிற தலைமுறைக்கு இரண்டும் தெரியும், இரண்டிலும் கொஞ்சம் தயக்கமும் உண்டு.

இந்த மூன்று தலைமுறையையும் படமாக்க வேண்டும் என்று கிளம்பும் இளைஞர்கள் இப்போது அதிகம். நல்ல விஷயம், ஏனென்றால் கப்பலேறி வந்த தலைமுறை வேகமாகக் குறைந்துகொண்டிருக்கிறது. கேமராவைக் கையாளச் சொல்லித்தர எத்தனையோ இடம் இருக்கிறது. எந்தக் காகிதத்தை யாரிடம், எந்த வரிசையில் கொடுக்க வேண்டும் என்று சொல்லத்தான் ஆளில்லை. அதற்காக நான் மாதக்கணக்கில் அலைந்தேன். நீங்கள் அலைய வேண்டாம் என்றுதான் இதை எழுதுகிறேன்.

1. விண்ணப்பத்தின் முதல் வரியைச் சரியாக எழுதுங்கள்

நீங்கள் படமெடுக்கப் போவது தாயகம் திரும்பியோரை. இந்தியாவுக்கும் இலங்கைக்கும் இடையே 1964 அக்டோபர் 30 அன்று கையெழுத்தான சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தத்தின்படியும் 1974 ஒப்பந்தத்தின்படியும் இந்தியக் குடியுரிமை பெற்று, இந்திய பாஸ்போர்ட்டோடு வந்தவர்கள் இவர்கள். 1983க்குப் பிறகு போருக்குத் தப்பி வந்த அகதிகளின் சட்ட நிலை முற்றிலும் வேறு. மக்களுக்கு இந்த வித்தியாசம் தெரியும். அலுவலகங்களில் பல நேரம் தெரியாது.

“இலங்கைத் தமிழர் பற்றிய ஆவணப்படம்” என்று மட்டும் எழுதிக் கொடுத்தால், உங்கள் மனு அகதிகளைப் பார்க்கிற மேசைக்குப் போய்விடும். அங்கிருந்து பாதுகாப்பு சம்பந்தமான கேள்விகள் வரும். பதில் சொல்லிச் சொல்லியே ஒரு பருவம் போய்விடும். அதனால் ஒவ்வொரு கடிதத்திலும் முதல் வரி இப்படி இருக்கட்டும்: “1964, 1974ஆம் ஆண்டு ஒப்பந்தங்களின்படி இலங்கையிலிருந்து வந்து, கேரளத்தில் குடியேறிய இந்தியக் குடிமக்களின் வாழ்க்கையைப் பற்றிய ஆவணப்படம்.”

கேரள அலுவலகங்களுக்கு மலையாளத்திலோ ஆங்கிலத்திலோ கொடுப்பதுதான் வேகம். மலையாளப் படியை அந்த ஊர் ஆசிரியர் ஒருவரிடம் காட்டித் திருத்திக்கொள்ளுங்கள். இணையத்தில் மொழிபெயர்த்து அப்படியே அச்சடித்துக் கொடுக்காதீர்கள், படித்த உடனே தெரிந்துவிடும்.

ராமேசுவரம் போகும் வழியில் இருக்கிற மண்டபம் முகாமையும் படத்தில் சேர்க்க எல்லோருக்கும் ஆசை வரும், அன்றைக்கு இந்தக் குடும்பங்கள் இறங்கித் தங்கிய இடமாயிற்றே. ஆனால் இன்று அது அகதிகள் வசிக்கும் முகாம். உள்ளே போக மாவட்ட ஆட்சியர் அலுவலகம் வழியாக முறையான அனுமதி வேண்டும், அது எளிதில் கிடைக்காது. படத்தின் மையத்தை அந்த அனுமதியில் கட்டாதீர்கள். கடற்கரையிலும் ராமேசுவரம் சாலையிலும் எடுக்கக்கூடியதைத் திட்டமிட்டுக்கொள்ளுங்கள்.

2. முதல் முறை போகும்போது கேமரா வேண்டாம்

தோட்டத்தில் வேலை விடியற்காலையில் தொடங்கும். ரப்பர் மரத்தில் பால் வெட்டு முடிந்து, பால் எடுத்துக் கொடுத்து, வீட்டுக்கு வந்து சாப்பிட்டுப் படுத்து எழ மத்தியானம் தாண்டிவிடும். சாயங்காலம் 4 மணிக்கு மேல் போங்கள். ஞாயிற்றுக்கிழமை நல்லது என்று நினைப்போம். கல்யாணம், காதுகுத்து, சந்தை எல்லாம் அன்றைக்குத்தான் வரும், ஆள் கிடைக்காது.

யாரைப் பார்ப்பது என்பதற்கு ஒரு வரிசை இருக்கிறது. முதலில் அந்த லயத்தில் (தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகள்) நாலு பேர் மதிக்கிற பெரியவர். அடுத்தது தொழிற்சங்கத்துக்காரர்கள். அந்தத் தோட்டத்தில் எத்தனை சங்கம் இருக்கிறதோ அத்தனையையும் பாருங்கள், ஒரே வாரத்தில் பாருங்கள். ஒரு சங்கத்தை மட்டும் பார்த்தால் நீங்கள் அவர்கள் ஆள் என்று முத்திரை விழும், மற்ற வீட்டுக் கதவுகள் பாதி மூடிவிடும். பிறகு பஞ்சாயத்து வார்டு உறுப்பினர். மாரியம்மன் கோயில் கமிட்டி இருந்தால் அவர்களும். தோட்ட அலுவலகம் கடைசியில்தான். நிர்வாகத்தின் ஜீப்பில் ஏறி முதல்முறையாக லயத்துக்குப் போனால், அதற்குப் பிறகு யாரும் மனசு விட்டுப் பேச மாட்டார்கள்.

பேச்சில் கவனம். நம் பக்கத்து “அண்ணாச்சி” அங்கே ஒட்டாது. வயதான பெண்களை அந்த வீட்டுப் பிள்ளைகள் எப்படிக் கூப்பிடுகிறார்கள் என்று ஒரு நிமிஷம் கேளுங்கள். அப்பாயி என்றால் அப்பாயி, அம்மாயி என்றால் அம்மாயி, பாட்டி என்றால் பாட்டி. நீங்களும் அதையே சொல்லுங்கள். பேட்டி என்ற சொல்லை எடுத்தாலே சிலர் எழுந்து முகம் கழுவி, சேலை மாற்றி, விறைப்பாக உட்கார்ந்துவிடுவார்கள். “ஒங்க கதையக் கேட்க வந்திருக்கேன்” என்றால் போதும்.

3. அனுமதிகள்

*தோட்டம்.* லயமும் தொழிற்சாலையும் வெட்டு நடக்கும் இடமும் நிறுவனத்தின் நிலம். தலைமை அலுவலகத்துக்கு எழுத்தில் கொடுங்கள். படத்தின் சுருக்கம் ஒரு பக்கம், படப்பிடிப்பு நாட்கள், ஆட்களின் பெயர், அடையாள அட்டை நகல், கருவிப் பட்டியல் எல்லாம் இணைத்து, நகலில் பெற்றுக்கொண்டதற்கான முத்திரையும் தேதியும் வாங்கி வாருங்கள். முத்திரை இல்லாத மனு, கொடுக்காத மனுவுக்குச் சமம். பதில் வர ஒரு மாதம் என்று வைத்துக்கொள்ளுங்கள். வாய்மொழியாக “எடுத்துக்கோங்க” என்று சொன்னவர் இடம் மாறிப் போனால் எல்லாம் முதலிலிருந்து. தனியார் தோட்டமானாலும் இதே முறைதான்.

*காவல் நிலையம்.* தெரிவித்து ஒரு கடிதம். அனுமதி கேட்காதீர்கள், தகவல் தெரிவியுங்கள். இரண்டும் வேறு. அனுமதி கேட்டால் அது மேலிடத்துக்குப் போகும். எந்தெந்த நாளில், எந்த வண்டியில், எத்தனை பேர் என்று எழுதி நகலில் கையெழுத்து வாங்கினால் போதும். ராத்திரி நேரத்தில் யாராவது நிறுத்திக் கேட்டால் அந்த நகல் காப்பாற்றும்.

*காடு.* தென்மலையைச் சுற்றி செந்துருணி வனவிலங்குச் சரணாலயம் இருக்கிறது. எது தோட்டம், எது காடு என்பது கண்ணுக்குத் தெரியாது, ஒரு ஓடையைத் தாண்டினால் காடாகிவிடும். சரணாலயத்துக்குள் படமெடுக்க 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி தலைமை வன உயிரினக் காப்பாளரின் அனுமதி வேண்டும், கட்டணமும் உண்டு. உங்கள் கதைக்குக் காடு உண்மையிலேயே தேவையா என்று யோசியுங்கள். “இருட்டில் யானை சத்தம் கேட்டுக்கொண்டே வேலைக்குப் போவோம்” என்று ஒரு அம்மா சொல்வதை அவர் வாசலிலேயே எடுத்துவிடலாம். அதற்காகக் காட்டுக்குள் போக வேண்டியதில்லை.

*ரயில்.* கழுதுருட்டி பக்கம் இருக்கிற பதின்மூன்று கண்ணறைப் பாலத்தைப் பார்த்த எவருக்கும் அதைப் படமெடுக்காமல் வர முடியாது. கொல்லம்–திருமங்கலம் தேசிய நெடுஞ்சாலை 744 அதை ஒட்டித்தான் போகிறது, சாலையில் நின்று எடுத்துக்கொள்ளுங்கள். பாலத்தின் மேலோ, தண்டவாளத்திலோ, சுரங்கத்திலோ ஏறினால் ரயில்வே சட்டப்படி அத்துமீறல். நிலையத்துக்குள்ளும் ஓடும் வண்டிக்குள்ளும் கேமரா நிறுத்தி எடுக்க எழுத்து அனுமதி வேண்டும். இந்தத் தடம் திருவனந்தபுரம் கோட்டத்தில் இல்லை, மதுரைக் கோட்டத்தில் இருக்கிறது. கேரளத்தில் இருக்கிற நிலையமாயிற்றே என்று திருவனந்தபுரத்துக்கு மனு அனுப்பிக் காத்திருக்காதீர்கள்.

*ட்ரோன்.* 2021ஆம் ஆண்டு ட்ரோன் விதிகளின்படி டிஜிட்டல் ஸ்கை என்ற அரசு இணையதளத்தின் வரைபடத்தில் பச்சை மண்டலத்தில் 120 மீட்டர் உயரம் வரை முன் அனுமதி தேவையில்லை. 250 கிராமுக்குள் இருக்கும் நானோ ட்ரோனுக்கு பைலட் சான்றிதழும் வேண்டாம். வரைபடம் பச்சையாக இருப்பதால் காட்டுக்கு மேல் பறக்கவிடலாம் என்று ஆகிவிடாது, வனத்துறை தனி. லயங்களுக்கு மேல் பறக்கவிடுவதாக இருந்தால் முந்தின நாளே வீடு வீடாகச் சொல்லிவிடுங்கள். குளிக்கிற இடமெல்லாம் அங்கே திறந்தவெளியாக இருக்கும்.

*எல்லை தாண்டுவது.* தமிழ்நாட்டு டாக்ஸி என்றால் கேரள பெர்மிட், வரி எல்லாம் முன்கூட்டியே ஆன்லைனில் கட்டச் சொல்லுங்கள். சொந்த வண்டிக்கு அது இல்லை. கேமராவை வாடகைக்கு எடுத்திருந்தால் வாடகைக் கடையின் சலான், சீரியல் எண்களோடு கருவிப் பட்டியல் இரண்டும் கையில் இருக்கட்டும். 50,000 ரூபாய்க்கு மேல் மதிப்புள்ள சரக்கு மாநிலம் தாண்டும்போது இ-வே பில் (சரக்கு கொண்டுபோக ஜிஎஸ்டி தளத்தில் எடுக்கும் சீட்டு) கேட்பார்கள். வாடகைக் கடைக்காரரிடம் இதைக் கிளம்புவதற்கு முன்னே பேசி முடித்துவிடுங்கள்.

4. ஒப்புதல் கடிதம்

இந்த வழிகாட்டியில் ஒன்றை மட்டும்தான் படிப்பேன் என்றால் இதைப் படியுங்கள். படம் வெளியானதும் நீங்கள் அடுத்த படத்துக்குப் போய்விடுவீர்கள். பேசினவர்கள் அதே லயத்தில், அதே மேற்பார்வையாளரிடம், அதே ரேஷன் கடை வரிசையில் இருப்பார்கள்.

கடிதம் தமிழில் ஒன்று, மலையாளத்தில் ஒன்று. ஒரு பக்கத்துக்கு மேல் போகக் கூடாது. வக்கீல் நடை வேண்டாம். நான் பயன்படுத்துகிற வாசகம் இது, அப்படியே எடுத்துக்கொள்ளலாம்:

“என்னையும் என் வீட்டையும் நான் காட்டிய காகிதங்களையும் இந்த ஆவணப்படத்துக்காகப் படமெடுக்கச் சம்மதிக்கிறேன். படம் திரையரங்கு, விழா, தொலைக்காட்சி, இணையம் ஆகியவற்றில் வரலாம் என்று எனக்கு விளக்கினார்கள். என் பெயரைப் போடலாம் / போட வேண்டாம். என் முகத்தைக் காட்டலாம் / காட்ட வேண்டாம். படம் முடிவதற்கு முன்பு எனக்குப் போட்டுக் காட்டுவார்கள். அப்போது நான் வேண்டாம் என்று சொல்லும் பகுதியை எடுத்துவிடுவார்கள்.”

கடைசி வரியை எழுதப் பலரும் தயங்குகிறார்கள். நான் எழுதச் சொல்கிறேன். இந்த வரி இருப்பதால்தான் மக்கள் பயமில்லாமல் பேசுகிறார்கள். காட்டும்போது அவர்கள் எடுக்கச் சொல்வது பெரும்பாலும் சின்ன விஷயமாகத்தான் இருக்கும், ஒரு சம்பந்தி பெயர், ஒரு கடன் தொகை, அந்த மாதிரி.

படிக்கத் தெரியாதவர்களுக்குக் கடிதத்தை வாசித்துக் காட்டி, அதையும் அவர்கள் சம்மதம் சொல்வதையும் சேர்த்து ஒலிப்பதிவு செய்யுங்கள். கைநாட்டு வைத்தால் சாட்சிக் கையெழுத்து உங்கள் குழுவில் இல்லாத ஒருவருடையதாக இருக்க வேண்டும். 18 வயதுக்குக் கீழே என்றால் பெற்றோர் கையெழுத்து. கங்காணியோ மேற்பார்வையாளரோ பக்கத்தில் நிற்கும்போது கடிதம் வாங்காதீர்கள், சம்மதித்தாலும் மறுத்தாலும் அது அவர்கள் சொந்த முடிவாக இருக்காது. ஒரு நகல் அவர்களிடம் இருக்கட்டும், அதில் உங்கள் தொலைபேசி எண் இருக்கட்டும்.

பொறிகள் இரண்டு சொல்கிறேன்.

ஒன்று, சாதிச் சான்றிதழ், நிலம், வீடு சம்பந்தமாக மனுவோ வழக்கோ நடந்துகொண்டிருக்கும் குடும்பம். கேமரா முன்னால் ஆவேசமாகப் பேசுவார்கள், அவர்கள் வேதனை நியாயமானது. ஆனால் படத்தில் சொன்ன ஒரு வருஷமும் மனுவில் எழுதிய வருஷமும் வேறுபட்டால் அது அவர்களுக்கு எதிராகத் திரும்பலாம். அவர்களுடைய வக்கீலிடமோ, மனு எழுதிக் கொடுத்தவரிடமோ அந்தப் பகுதியைக் காட்டிய பிறகு சேருங்கள்.

இரண்டாவது, கோயில் கொடைத் திருவிழா. கேரளத்தில் 1968ஆம் ஆண்டுச் சட்டப்படி கோயிலில் ஆடு, கோழி பலியிடுவது குற்றம். நம் பக்கம் கொடையில் கிடா வெட்டைப் பார்த்து வளர்ந்த நமக்கு இது மனதில் உறைக்காது. எல்லையைத் தாண்டி அதை எடுத்துத் திரையில் காட்டினால், உங்களைக் கூப்பிட்டுச் சோறு போட்ட ஊருக்கு எதிராக நீங்களே சாட்சி தயார் செய்து கொடுத்தது போலாகும். கேமராவை மூடிவையுங்கள்.

5. குடும்ப அட்டையையும் பாஸ்போர்ட்டையும் படமெடுப்பது

ஏறக்குறைய எல்லா வீட்டிலும் ஒரு கட்டு இருக்கும். கண்டியில் இருந்த இந்திய உதவி ஹைகமிஷனில் கொடுத்த பாஸ்போர்ட், குடும்ப அட்டை (ரேஷன் அட்டை இல்லை, தாயகம் திரும்பும் குடும்பத்துக்குக் கொடுத்த அட்டை), தோட்டத்து வேலைச் சீட்டு. குடும்ப அட்டையில் வீட்டு ஆட்கள் எல்லோரும் சேர்ந்து நிற்கிற கறுப்பு வெள்ளைப் படம் இருக்கும். ஒருவரும் சிரித்திருக்க மாட்டார்கள். கைக்குழந்தை மட்டும் அசைந்து மங்கலாக இருக்கும். அந்தக் குழந்தைதான் இப்போது உங்களுக்கு டீ போட்டுக் கொடுத்துக்கொண்டிருக்கும் அக்காவாக இருக்கும். அந்தப் படத்தை வைத்துக்கொண்டு பெயர் பெயராகக் கேளுங்கள். யார் இங்கே வந்தார்கள், யார் அங்கேயே நின்றுவிட்டார்கள், யாருக்கு எந்த வருஷம் கடிதம் நின்றுபோனது என்று ஒரு பேச்சு கிளம்பும். எந்தக் கேள்விப்பட்டியலாலும் அது கிளம்பாது. கேமரா ஓடிக்கொண்டிருக்கட்டும், நடுவில் லென்ஸ் மாற்றாதீர்கள்.

எடுக்கும் முறை: வாசல் வெளிச்சம் பக்கவாட்டில் வருகிற மாதிரி தரையில் கறுப்புத் துணி விரித்து அதன் மேல் வையுங்கள். லாமினேட் செய்திருந்தால் பளபளப்பு அடிக்கும், கேமராவுக்குப் பின்னால் ஒருவர் கறுப்புத் துணியைப் பிடித்து நின்றால் அடங்கும். லாமினேட் உறையைப் பிரிக்கச் சொல்லாதீர்கள், எழுத்து உறையோடு உரிந்து வந்துவிடும். மடிப்பில் கிழிந்திருந்தால் கிழிந்தபடியே எடுங்கள்.

காகிதத்தை வீட்டை விட்டு வெளியே எடுத்துப் போகவே கூடாது. “நாளைக்கு ஸ்கேன் பண்ணிட்டுத் தர்றேன்” என்ற பேச்சே வேண்டாம். குடும்ப அட்டையை அடகுக்கு வாங்கிக்கொண்டு திருப்பிக் கொடுக்காத ஆட்களைப் பற்றி அந்த மக்கள் இன்றும் சொல்வார்கள். சின்ன ஸ்கேனரைக் கையோடு கொண்டு போங்கள், அல்லது கேமராவிலேயே எடுங்கள். எடுத்ததில் நல்ல பிரதியை அச்சடித்து அடுத்த முறை கொண்டு போய்க் கொடுங்கள். திரையில் காட்டும்போது பாஸ்போர்ட் எண், அட்டை எண், ஆதார் எண் எல்லாவற்றையும் மறையுங்கள்.

6. காப்பகங்களும் தகவல் உரிமை மனுவும்

இலவசமாக, வீட்டிலிருந்தே தொடங்க, இலங்கைத் தமிழ் நூல்களை மின்வடிவில் சேர்த்து வைக்கும் ‘நூலகம்’ என்ற நிறுவனத்தின் இணையதளம் இருக்கிறது. மலையகம் சம்பந்தமான பழைய புத்தகங்கள், இதழ்கள், மலர்கள் அங்கே ஏராளம். சென்னை தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம், எழும்பூரில் தமிழ்நாடு ஆவணக் காப்பகம், திருவனந்தபுரத்தில் கேரள மாநில ஆவணக் காப்பகம். அரசுக் காப்பகங்களில் ஆய்வுக்காக உட்கார அறிமுகக் கடிதம் கேட்பார்கள். கல்லூரித் துறைத் தலைவர் ஒருவரிடம் முன்பே வாங்கி வையுங்கள். பழைய செய்திப்படக் காட்சி வேண்டுமென்றால் மத்திய அரசின் பிலிம்ஸ் டிவிஷன் தொகுப்பு இப்போது தேசிய திரைப்பட வளர்ச்சிக் கழகத்திடம் (என்எஃப்டிசி) இருக்கிறது. கட்டணம் காட்சியின் நீளத்தைப் பொறுத்தது. எடிட்டிங் முடிந்த பிறகு வாங்காதீர்கள், முன்பே விலை கேட்டு எத்தனை வினாடி கட்டுப்படியாகும் என்று தெரிந்துகொண்டு எடிட் செய்யுங்கள்.

தகவல் உரிமை மனுவுக்கு 10 ரூபாய்தான். கேரள அரசு அலுவலகமானால் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டிக் கொடுக்கலாம், மத்திய அரசு அலுவலகத்துக்கு ஆன்லைனிலேயே அனுப்பலாம். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டாலோ, வந்த பதில் சரியில்லாவிட்டாலோ 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதற்கும் பிறகு 90 நாளுக்குள் தகவல் ஆணையத்துக்கு இரண்டாவது மேல்முறையீடு. ஆக, ஒரு கேள்விக்கு அரை வருஷம்கூட ஆகலாம். அதனால் படப்பிடிப்புக்கு முன்பே மனுவைப் போட்டுவிடுங்கள்.

இதில் பலரும் இடறுவது, ஒரு குடும்பத்தின் கோப்பை நீங்கள் உங்கள் பெயரில் கேட்பது. மூன்றாம் நபரின் சொந்த விவரம் என்று சொல்லி மறுத்துவிடுவார்கள். அந்தக் குடும்பத்தில் ஒருவரே கேட்டால் அவர்களுடைய கோப்பு அவர்களுக்குக் கிடைக்க வழியுண்டு. மனு எழுதிக் கொடுத்து உதவுங்கள், கையெழுத்து அவர்களுடையதாக இருக்கட்டும். கேரளத்தில் வசிக்கும் தமிழ்ச் சிறுபான்மையினர் அரசுக்குத் தமிழிலேயே எழுத 1969ஆம் ஆண்டு ஆட்சிமொழிச் சட்டத்தில் இடமிருக்கிறது என்பதையும் அவர்களிடம் சொல்லுங்கள். பலருக்குத் தெரியாது.

7. எந்த மாதம்

ஜூன் முதல் ஆகஸ்ட் வரை மழை. அக்டோபர், நவம்பரில் சாயங்காலம் இடியோடு வரும். வெட்டு நன்றாக நடப்பதைப் பார்க்க டிசம்பர், ஜனவரி. அதற்குப் பிறகு இலையுதிர்ந்து தளிர் விடும் சமயத்தில் பல இடங்களில் வெட்டை நிறுத்துவார்கள். வெளிச்சம் அருமையாக இருக்கும், ஆனால் வேலை நடக்காது. மலையகத்துக் காமன் கூத்து ஆடத் தெரிந்தவர்கள் யாராவது இருக்கிறார்களா என்று விசாரியுங்கள். ஆடுவதானால் மாசியில்தான். தேர்தல் அறிவித்துவிட்டால் தள்ளிப்போடுங்கள்.

8. ஒலியும் சேமிப்பும்

ரப்பர் காட்டில் சாயங்காலம் சில்வண்டு போடும் சத்தத்தில் பேச்சு மூழ்கிவிடும். அதைப் பின்னால் கம்ப்யூட்டரில் நீக்கிக்கொள்ளலாம் என்று நினைக்காதீர்கள், குரலும் சேர்ந்து கெடும். சட்டையில் மாட்டும் மைக்கை நெஞ்சுக்கு அருகில் வைத்து, வீட்டுக்குள் உட்கார்ந்து பேசவையுங்கள். தகரக் கூரை வீடென்றால் தூறலுக்கே பேட்டியை நிறுத்த வேண்டிவரும், அதற்கும் நேரம் விட்டுவையுங்கள்.

விடிகாலை வெட்டைப் படமெடுக்கும்போது விளக்கு கொண்டுபோய் அடிக்காதீர்கள். அவர்கள் நெற்றியில் கட்டியிருக்கும் விளக்கின் வட்டத்துக்குள்தான் கத்தி பட்டையில் ஓடும், அதன் பின்னாலேயே வெள்ளைக் கோடு ஊறி வரும். அந்த ஒரு விளக்கே காட்சிக்குப் போதும். உங்கள் வெளிச்சம் கண்ணில் பட்டால் கத்தி ஆழமாக இறங்கி மரத்தில் காயம் படும், அதற்கு அவர்கள்தான் பதில் சொல்ல வேண்டியிருக்கும்.

வீட்டு டியூப்லைட்டில் எடுக்கும்போது 25 பிரேம், ஷட்டர் 1/50. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், வேறு வைத்தால் திரை படபடக்கும். நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் பதிவு செய்தால் ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 45 ஜிபி ஆகும். இந்தக் கணக்கில் கார்டும் டிஸ்க்கும் வாங்குங்கள். தினமும் ராத்திரி இரண்டு டிஸ்க்கில் நகல் எடுத்து இரண்டையும் இரண்டு பேர் பையில் வையுங்கள். நகலைத் திறந்து பார்த்த பிறகுதான் கார்டை அழிக்க வேண்டும். ஈரப்பதம் அதிகம், லென்ஸ் பெட்டியில் சிலிக்கா ஜெல் போடுங்கள்.

9. பணம்

தங்க புனலூர் வசதி. சாதாரண அறை 1,000 ரூபாய் வாக்கில் கிடைக்கும். டிரைவரோடு கார் நாளுக்கு 3,000 ரூபாய்க்குக் குறையாது. இரண்டும் பருவத்துக்குப் பருவம் மாறும், சபரிமலை சீசனில் கேட்கவே வேண்டாம். மூன்று பேருக்கு மேல் குழு வேண்டாம். செலவு மட்டும் காரணமில்லை, அந்த வீடுகளின் முன்னறையில் நான்காவது ஆள் நிற்க இடமிருக்காது.

பேசுவதற்குப் பணம் கொடுக்கலாமா என்று எல்லோரும் கேட்கிறார்கள். கதைக்குப் பணம் கொடுக்காதீர்கள். கொடுத்தால் அடுத்த வீட்டில் கதையின் நீளம் பணத்துக்கு ஏற்ற மாதிரி மாறும். ஆனால் உங்களால் ஒருவருக்கு ஒரு நாள் வேலை போனால் அந்த நாள் கூலியை முழுதாக, எல்லோருக்கும் தெரிகிற மாதிரி, ரசீது எழுதிக் கொடுங்கள். பட்ஜெட்டில் இதற்கென்று தனி வரி இருக்கட்டும்.

ஆய்வு, படைப்பு உதவித்தொகைக்கு பெங்களூரில் இருக்கிற இந்தியா ஃபவுண்டேஷன் ஃபார் தி ஆர்ட்ஸ், படத்துக்குப் பணம் தேடிப் பேச டாக்எட்ஜ் கொல்கத்தா போன்ற வழிகள் இருக்கின்றன. விண்ணப்பித்துப் பணம் கைக்கு வர பல மாதம் ஆகும். வெளிநாட்டுப் பணம் என்றால் கையெழுத்துப் போடுவதற்கு முன் ஆடிட்டரைப் பாருங்கள்.

10. எழுத்துப்படி, சப்டைட்டில்

எல்லோரும் குறைத்து மதிப்பிடும் வேலை இது. ஒரு மணி நேரப் பேச்சை எழுத 5, 6 மணி நேரம் பிடிக்கும். 40 மணி நேரம் எடுத்திருந்தால் கணக்குப் போட்டுப் பாருங்கள், ஒரு ஆளுக்கு முழுசாக ஒரு மாதத்துக்கு மேல் ஆகும். கூலிக்கு எழுதக் கொடுப்பதானால் மலையகப் பேச்சுத் தெரிந்த ஆளாகப் பாருங்கள். பிரட்டுக்களம், பேர் போடுவது, கணக்கப்பிள்ளை என்று தோட்டத்துச் சொற்கள் பேச்சில் வரும்போதெல்லாம் தெரியாதவர்கள் கோடு போட்டுவிட்டுப் போய்விடுவார்கள். லயத்திலேயே படித்த பிள்ளை ஒருவருக்கு இந்த வேலையைக் கொடுத்து நல்ல கூலி கொடுப்பது எல்லா விதத்திலும் சரி. பேச்சுத் தமிழை எழுத்துத் தமிழாகத் திருத்தக் கூடாது என்று மட்டும் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

சப்டைட்டில் ஆங்கிலத்தில் மட்டும் போட்டு நிறுத்தாதீர்கள். மலையாளத்திலும் வேண்டும். பக்கத்து வீட்டு மலையாளிக் குடும்பமும், தமிழ் படிக்கத் தெரியாத பேரப்பிள்ளைகளும் பார்க்க வேண்டிய படம் இது.

11. பாட்டு

பழைய பாட்டுத்தானே, இலவசம் என்று நினைக்காதீர்கள். ஒலிப்பதிவின் உரிமை வெளியானதிலிருந்து 60 ஆண்டு. பாட்டு வரிகளின் உரிமையோ எழுதியவர் மறைந்து 60 ஆண்டு வரை. கண்ணதாசன் மறைந்தது 1981இல், அவர் வரிகளுக்கு 2041 கடைசி வரை உரிமை உண்டு. பேட்டி எடுக்கும்போது பக்கத்து வீட்டு டிவியை நிறுத்தச் சொல்லிக் கேளுங்கள். பின்னணியில் ஒரு சினிமாப் பாட்டு கலந்துவிட்டால் அந்தப் பேச்சையே வெட்ட வேண்டிவரும். பாட்டிமார் பாடும் தாலாட்டு, ஒப்பாரி, கொழுந்து பறிக்கும் பாட்டு இவற்றுக்குப் பாடியவர் பெயரை டைட்டிலில் போடுங்கள், ஒப்புதல் கடிதத்திலும் தனியாக ஒரு வரி சேருங்கள்.

12. சான்றிதழும் திரையிடலும்

முதல் திரையிடல் லயத்தில். எடிட்டிங் முற்றிலும் முடிவதற்கு முன்பே. பகலில் தனித்தனியாக அந்தந்த வீட்டில் அவரவர் பகுதியை லேப்டாப்பில் காட்டிவிட்டு, பிறகுதான் எல்லோருக்குமாகத் திரை கட்ட வேண்டும். கூட்டத்தில் முதல்முறையாகத் தன் அழுகையைப் பார்க்கும் நிலை யாருக்கும் வரக் கூடாது. மாற்றச் சொல்வதை மாற்ற இரண்டு வாரம் ஒதுக்குங்கள்.

பொதுமக்களுக்குக் காட்ட சென்சார் சான்றிதழ் வேண்டும். விண்ணப்பம் இ-சினிபிரமாண் இணையதளத்தில். சென்னையிலும் திருவனந்தபுரத்திலும் மண்டல அலுவலகங்கள் உண்டு. கட்டணம் படத்தின் நீளத்தைப் பொறுத்தது. கதைச் சுருக்கம், முழு உரையாடல் எழுத்துப்படி, பாட்டு வரிகள், டைட்டில் பட்டியல் எல்லாம் தயாராக இருக்க வேண்டும். பத்தாவது படியில் சோம்பல்பட்டால் இங்கே வந்து மாட்டிக்கொள்வீர்கள். படத்தில் விலங்குகளைப் பயன்படுத்தியிருந்தால் விலங்குகள் நல வாரியத்தின் தடையின்மைச் சான்று கேட்பார்கள். வாரியம் சென்னையில்தான் இருக்கிறது என்று இன்னும் பலர் நினைக்கிறார்கள், அது 2018இல் அரியானாவில் இருக்கும் பல்லப்கருக்குப் போய்விட்டது. வழியில் தானாகப் போன மாடும் நாயும் இருந்தால் அதை விளக்கி ஒரு உறுதிமொழியைக் கூடவே வையுங்கள். 2024இல் புதிய விதிகள் வந்தன. யுஏ பிரிவு இப்போது 7, 13, 16 வயது என்று மூன்றாகப் பிரிந்திருக்கிறது.

விழாக்களுக்குச் சான்றிதழ் இல்லாமலே, விழா நடத்துகிறவர்கள் தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்திடம் விலக்கு வாங்கித் திரையிட வழி இருக்கிறது. கேரள சலச்சித்திர அகாதெமி திருவனந்தபுரத்தில் நடத்தும் சர்வதேச ஆவணப்பட, குறும்பட விழா நமக்குப் பக்கத்தில் இருக்கிறது, முதலில் அதற்கு அனுப்புங்கள். அடுத்தது இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை நடக்கும் மும்பை சர்வதேச திரைப்பட விழா. விழாச் சுற்று முடியும் வரை யூடியூபில் ஏற்றாதீர்கள், பல விழாக்கள் அதைக் காரணம் காட்டியே ஒதுக்கிவிடும்.

பேசிய ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு பென் டிரைவ் கொடுங்கள். அதில் முடிந்த படம் மட்டும் போதாது. அவர்கள் வீட்டுப் பெரியவர் பேசிய முழுப் பதிவும், ஸ்கேன் செய்த காகிதங்களும் இருக்கட்டும். கோப்புக்கு அந்தப் பெரியவரின் பெயரையும் எடுத்த தேதியையும் வையுங்கள். வீட்டு டிவியில் செருகினால் ஓட வேண்டும் என்பதால் எம்பி4 கோப்பாக, எஃப்ஹெச்டி (1920×1080) அளவில், ஒரு மணி நேரத்துக்கு மேற்பட்ட பதிவை 4 ஜிபிக்குள் துண்டு துண்டாக்கிக் கொடுங்கள். பழைய டிவிகள் அதற்கு மேல் படிக்காது.